மூன்று கால் கோழியும் முப்பது வீடும்

முதலிலேயே சொல்லிவிடுகிறேன், நான் ஒரு தொழிலதிபர். வாட்ஸ்அப்பில் என் பெயர் ஹேமாவதி என்பதற்குக் கீழே அப்படித்தான் போட்டிருக்கிறேன். காரைக்குடியில் எங்கள் வீட்டு அடுப்படிதான் எனக்கு அலுவலகம், தொழிற்சாலை, கிடங்கு எல்லாம். பெரிய தொழிலதிபர்கள் காலையில் எழுந்ததும் தியானம் செய்வார்களாம். நான் எழுந்ததும் இரண்டு வயது மகன் விஷ்வாவின் வாய்க்குள் விரலை விட்டுச் சனி கிரகத்தை வெளியே எடுப்பேன். தெர்மாக்கோல் என்றால் அவனுக்கு உயிர். வயிற்றுக்கு ஒன்றும் செய்யாது என்று டாக்டர் சொன்னதிலிருந்து நானும் கொஞ்சம் கண்டுகொள்வதில்லை.

தொழில் இதுதான். பள்ளிக்கூடத்தில் 'ப்ராஜெக்ட்' என்று ஒன்றைப் பிள்ளைகளைச் செய்துகொண்டு வரச் சொல்கிறார்கள் அல்லவா, அதை நான் செய்து விற்கிறேன். என் மூத்தவள் தீக்ஷா யூகேஜி படிக்கும் சிகரம் குளோபல் லிட்டில் ஸ்காலர்ஸ் அகாடமிதான் என் முதல் வாடிக்கையும் முழு வாடிக்கையும். மாவு மில்லுக்கும் வண்டி கழுவும் இடத்துக்கும் நடுவில் இருக்கிறது அந்த குளோபல். அதன் தாளாளர் அழகுசுந்தரம் முன்பு டைல்ஸ் கடை வைத்திருந்தார். கடையில் விற்காமல் நின்றுபோனதை எல்லாம் பதித்து முடித்தபோது அது பள்ளிக்கூடமாக இருந்தது. இப்போது அவர் கல்வியாளர்.

அங்கே வாரம் தவறாமல் ஒரு தினம் வரும். மஞ்சள் தினம் என்றால் மஞ்சளில் ஏதாவது செய்து கொண்டுவர வேண்டும். காய்கறி தினத்துக்குக் கத்தரிக்காய் வேஷம். கை கழுவும் தினத்துக்குத் தெர்மாக்கோலில் ஒரு கை, அதைக் கழுவ இன்னொரு கை. செல்போன் பார்க்காத தினம் என்று ஒன்று வந்தது. அன்றைக்குப் பிள்ளை செல்போன் பார்க்காமல் இருப்பதைச் செல்போனில் வீடியோ எடுத்து அனுப்ப வேண்டும். அதை நான் செய்து தர முடியாததால் அந்த வாரம் வியாபாரம் இல்லை.

இந்த வியாபாரத்தில் வரும் காசில்தான் தீக்ஷாவுக்கு அதே பள்ளியில் ஃபீஸ் கட்டுகிறேன். பள்ளி ப்ராஜெக்ட் கேட்கிறது, நான் செய்கிறேன், காசு வருகிறது, அதைப் பள்ளி வாங்கிக்கொள்கிறது. யோசித்துப் பார்த்தால் நான் எதற்கு நடுவில் என்று தோன்றும். அதனால் யோசிப்பதில்லை.

என் வீட்டுக்காரர் நாகேந்திரன் தச்சு வேலை பார்க்கிறார். பரம்பரையே தச்சுதான். கொத்தமங்கலத்தில் ஒரு பெரிய வீட்டை ஹோட்டலாக மாற்றுகிறார்கள். அங்கே கதவு, நிலை எல்லாம் இவர் பொறுப்பு. ஞாயிற்றுக்கிழமையானால் எனக்குத் தெர்மாக்கோல் வெட்டிக் கொடுப்பார். போன வருஷம் சூரிய மண்டலத்துக்குச் சின்ன மோட்டார் வைத்துக் கிரகங்களைச் சுற்றவிட்டவரும் இவர்தான். வகுப்பு முழுக்க அதையே வாங்கியது. ஆர்டர் நெருக்கடியில் சொந்த மகளுக்கு ஒன்று செய்ய மறந்துவிட்டேன். மிச்சம் இருந்த ஒரு நெப்டியூனைக் கையில் கொடுத்து அனுப்பினேன். பாவி மகள், அதைத் தூக்கிக்கொண்டு ஓரமாக நின்றிருக்கிறாள்.

நல்ல ப்ராஜெக்ட் கொண்டுவரும் பிள்ளையை மேடையேற்றி மைக்கில் பேசவிடுவது அந்தப் பள்ளியின் வழக்கம். தீக்ஷாவுக்கு அந்த மைக்கின் மேல் அப்படி ஒரு ஆசை. வீட்டில் பூரிக்கட்டையைப் பிடித்துக்கொண்டு, “மை நேம் இஸ் தீக்ஷா” என்று சுவரைப் பார்த்துப் பேசிக்கொண்டே இருப்பாள். அவளுக்கு ஒரு தடவைகூட மேடை கிடைக்கவில்லை. கிடைக்காமல் செய்தது நான்தான் என்பதும் எனக்குத் தெரியும்.

இந்த வருஷம் 'நம்ம ஊர் பாரம்பரிய தினம்' வந்தது. ஒவ்வொரு பிள்ளையும் ஒரு செட்டிநாட்டு வீடு செய்துகொண்டு வர வேண்டும். அதற்கு முன்னால் பெற்றோர் கூட்டம் போட்டார்கள். தாளாளர் மைக்கைப் பிடித்தார்.

“பேரண்ட்ஸ் எல்லாரும் நல்லாக் கவனிங்க. போன வருசம் ப்ராஜெக்ட் எல்லாம் ரொம்ப நீட்டா இருந்துச்சு. அஞ்சு வயசுப் பிள்ளை மோட்டார் வச்சு பூமியச் சுத்த விடுமாங்க? வந்த விருந்தாளி என் முகத்தப் பார்த்தே சிரிச்சிட்டாரு. எனக்கு மானமே போச்சு. அதனால இந்த வருசம் ஒவ்வொன்னும் குழந்தையே செஞ்ச மாதிரி இருக்கணும். பேரண்ட்ஸ் இதுக்குக் கொஞ்சம் கூடுதலா உழைக்கணும்.”

பின்வரிசையில் ஒரு அப்பாவி அப்பா எழுந்தார். “சார், பிள்ளையே செஞ்சா என்ன சார்?”

பிரின்சிபால் ராஜப்ரியா மேடம் அவரைப் பரிதாபமாகப் பார்த்தார். “அது ரிஸ்க் சார். குழந்தைங்க செஞ்சா, குழந்தைங்க செஞ்ச மாதிரி வராது. எங்க அனுபவத்துல சொல்றேன்.”

எல்லோரும் கை தட்டினார்கள். நானும் தட்டினேன்.

மறுநாளே ஆர்டர் குவிந்தது. முதல் ஆளாக சாலா ஆச்சி வந்தார். அவர் மகன் சிதம்பரமும் தீக்ஷா வகுப்புதான். மாமனாரின் பெயரை மகனுக்கு வைத்திருப்பதால் ஆச்சி அதை வாயால் சொல்ல மாட்டார், தம்பி என்றுதான் சொல்வார்.

“ஹேமா, நம்ம தம்பிக்கு ஒரு வீடு வேணும்டி. கோணலா இருக்கணும். ஆனா பார்த்த உடனே முதப் பரிசு குடுக்கிற மாதிரி கோணலா இருக்கணும்.”

“ஆச்சி, நீங்க குடியிருக்கிறதே அந்த மாதிரி வீடுதானே? தம்பியக் கூட்டிப்போய் முகப்புலருந்து பின்கட்டு வரைக்கும் ஒரு சுத்துச் சுத்திக் காட்டுனா அதுவே வரைஞ்சிருமே?”

“நல்லாச் சொன்ன போ! பின்கட்டு பூட்டிக் கெடக்கு. சாவி மெட்ராஸ்ல பங்காளி வீட்ல இருக்கு. நானே அங்குட்டுப் போய் வருசக்கணக்காச்சு. நீ செஞ்சு குடு, நானும் பார்த்துக்கிறேன்.”

வருகிற வியாபாரத்தை யோசனை சொல்லித் திருப்பி அனுப்பப் பார்க்கும் தொழிலதிபர் உலகத்திலேயே நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன். நல்லவேளை, ஆச்சிக்கு என்னைவிட வியாபாரம் தெரியும். போகும்போது தெருவில் மற்ற அம்மாக்களிடமும் சொல்லிவிட்டுப் போனார். வகுப்பில் மொத்தம் முப்பது பிள்ளைகள். என் மகளைத் தவிர அத்தனை பேர் வீட்டிலிருந்தும் ஆர்டர் வந்துவிட்டது. எல்லோருக்கும் கோணல் வேண்டும்.

நாகேந்திரனிடம் சொன்னேன். காதில் செருகியிருந்த பென்சிலை எடுத்துக் கீழே வைத்துவிட்டார்.

“கோணலா வெட்டணுமா? எங்க அப்பா ஸ்கேலால கையில அடிச்சு அடிச்சுச் சொல்லிக் குடுத்தது நேரா வெட்டுறதுக்குடி. நெலைவாசல்ல நின்னு பார்த்தா கடைசிக் கட்டுக் கொல்லை தெரியணும். ஒரு கதவு நகந்தா அது செட்டிநாட்டு வீடே இல்ல, கோழிக் கூடு.”

“ஏங்க, இது தெர்மாக்கோலுங்க.”

“எதுவா இருந்தா என்ன? கை என்னுதுல்ல?”

அவர் வெட்டினார். தெர்மாக்கோல் சுவருக்கு மூலமட்டம் வைத்துப் பார்த்து வெட்டினார். முகப்பில் தூண், வளவு என்கிற நடு முற்றத்தைச் சுற்றி அறைகள், வாசலில் கண்ணை வைத்துப் பார்த்தால் அந்தக் கடைசிவரை ஒரே நேர்கோடு. பார்க்க அப்படி இருந்தது! விற்கத்தான் முடியாது. அத்தனையும் அப்பட்டமாகப் பெரியவர் செய்தது.

நான் இடது கையால் பெயிண்ட் அடித்துப் பார்த்தேன். குழந்தை செய்த மாதிரி வரவில்லை, குடித்தவன் செய்த மாதிரி வந்தது. விஷ்வாவை விட்டுப் பார்த்தேன். அவன் ஒரு வீட்டின் இரண்டாம் கட்டைத் தின்றுவிட்டு மூன்றாம் கட்டுக்குப் போய்க்கொண்டிருந்தான். கடைசியில் தீக்ஷாவைக் கூப்பிட்டேன்.

“கண்ணு, இந்த வீட்டுக்கெல்லாம் நீ பெயிண்ட் அடிக்கிறியா? உனக்குத் தோணுனபடி அடி.”

அவள் இடுப்பில் கை வைத்துக்கொண்டு பார்த்தாள். என் மகளல்லவா, பேரம் பேசாமல் எப்படி? “அடிச்சா என்னைய மேடையில ஏத்துவீகளா?”

“ஏத்துறேன்.”

“மைக் குடுப்பீகளா?”

“குடுக்கச் சொல்றேன்டி, வா.”

சட்டம் இதற்கு ஒரு பெயர் வைத்திருக்கிறது என்பது எனக்கும் தெரியும். நானோ, 'குழந்தையின் படைப்பாற்றலை வளர்க்கிறேன்' என்று ஸ்டேட்டஸ் போட்டேன்.

சும்மா சொல்லக் கூடாது, பிள்ளை கலக்கிவிட்டாள். ஒரு தூண் ஊதா, ஒரு தூண் பச்சை. ஓடு முழுக்க ரோஸ். ஒவ்வொரு வீட்டின் உச்சியிலும் ஒரு கோழி, அதற்கு மூன்று கால். இவளுக்கு இது எங்கிருந்து தோன்றியது என்று எனக்கு ஆச்சரியம் தாங்கவில்லை.

“ஏன்டி கோழிக்கு மூணு கால்?”

“ஒரு கால் வலிச்சா இன்னொன்ன வச்சுக்கிரும்.”

பள்ளிக்கூடம் போகும் பிள்ளை வாயில் இப்படி ஒரு பதில் எப்படி வந்தது என்று நாகேந்திரனே வாயைப் பிளந்தார். “எல்லா வீட்டுலயும் கோழியே வேண்டாம்டி, வேற ஏதாவது வரை” என்று சொல்லிப் பார்த்தேன். “வீடு வேற, கோழி வேற. ஒவ்வொரு கோழியும் வேற வேற கோழி” என்றாள். எனக்கு டெலிவரி அவசரம். விட்டுவிட்டேன்.

இந்த முறை அவளுடைய வீட்டை அவளே செய்தாள். அப்பா வெட்டித் தர வந்தார், தொடக் கூடாது என்று விரட்டிவிட்டாள். பிஸ்கட் டப்பா, ஐஸ் குச்சி, என் பழைய வளையல். வீடு ஒரு பக்கம் சாய்ந்துதான் நின்றது. ஆனால் மேலே இருந்த கோழி மற்ற எல்லாக் கோழியையும்விட அழகு. அதைக் கையில் ஏந்திக்கொண்டு ஆட்டோவில் உட்கார்ந்தபோது அவள் முகத்தைப் பார்த்திருக்க வேண்டும். வழி முழுக்க மேடையில் என்ன பேசுவது என்று முணுமுணுத்துக்கொண்டே வந்தாள்.

பள்ளி அரங்கில் நீளமான மேசையில் முப்பது வீடுகளும் வரிசையாக இருந்தன. பெற்றோர் நாற்காலிகளில் உட்கார்ந்திருந்தோம். விஷ்வா என் மடியில். தாளாளரும் பிரின்சிபாலும்தான் நடுவர்கள். வகுப்பு மிஸ் ரிசல்ட் ஷீட்டோடு பின்னால் நடந்தார். முதல் வீட்டைக் குனிந்து பார்த்தார்கள், கோழி. இரண்டாவது வீடு, கோழி. ஏழெட்டு வீடு தாண்டியதும் தாளாளர் நிமிர்ந்தார். மாட்டிக்கொண்டோம் என்று நினைத்தேன்.

அவர் நேராக மேடையேறி மைக்கைப் பிடித்தார். குரல் தழுதழுத்தது.

“பெற்றோர்களே, இன்னைக்கு என் கல்விப் பணியில ஒரு பொன்னாள். எந்தப் பிள்ளையும் எந்தப் பிள்ளையையும் பார்க்கல. அவங்கவங்க வீட்ல தனித்தனியா உட்காந்து செஞ்சிருக்காங்க. ஆனா எல்லாரும் ஒரே கோழிய யோசிச்சிருக்காங்க! அதுக்கு மூணு கால்னும் ஒன்னா யோசிச்சிருக்காங்க! இதுதாங்க எங்க பாடத்திட்டம். ஒரு பிள்ளைகூட வேற மாதிரி யோசிச்சிறக் கூடாதுன்னுதான் நாங்க இராப்பகலா உழைக்கிறோம்.”

கைதட்டல் ஓய நேரமானது. சாலா ஆச்சி தன் சேலைத் தலைப்பால் கண்ணைக்கூட ஒற்றிக்கொண்டார்.

ராஜப்ரியா மேடம் அதற்குள் வரிசையின் கடைசிக்குப் போயிருந்தார். அங்கே தீக்ஷாவின் பிஸ்கட் டப்பா வீடு. அதையும் கோழியையும் மாறி மாறிப் பார்த்தார்.

“இது யாரோடது?”

தீக்ஷா எல்லாப் பல்லும் தெரியக் கையைத் தூக்கினாள்.

“இது காப்பி” என்றார் மேடம். “மத்தவங்க எல்லாம் அழகா வீடு கட்டிட்டுக் கோழி வச்சிருக்காங்க. இந்தப் பொண்ணுக்கு வீடு கட்டத் தெரியல. கோழிய மட்டும் அவங்ககிட்டருந்து காப்பி அடிச்சிருக்கு. ரிசல்ட் ஷீட்ல எழுதிக்கங்க மிஸ். இந்த வருசம் ஃபுல்லா இந்தப் பொண்ணு ஸ்டேஜ் ஏறக் கூடாது.”

தீக்ஷாவுக்கு முதலில் புரியவில்லை. சிரித்துக்கொண்டேதான் நின்றாள். பிறகு என்னைத் திரும்பிப் பார்த்தாள். கீழுதடு துடிக்க ஆரம்பித்தது.

நான் உட்கார்ந்திருந்த வரிசையில் அத்தனை அம்மாக்களும் தரையைப் பார்த்தார்கள். வாயைத் திறந்தால் என் தொழில் அன்றோடு மூடியாயிற்று. வாடிக்கையாளர் ரகசியம் என்று வேறு ஒன்று இருக்கிறதே, எந்தத் தொழிலதிபராவது இப்படி நட்ட நடு அரங்கில் வாடிக்கையாளரைக் காட்டிக்கொடுப்பாளா? ஃபீஸ் எதை வைத்துக் கட்டுவேன்? இப்படி எல்லாம் உட்கார்ந்து கணக்குப் போட்டுக்கொண்டிருக்கிறேன், பிள்ளை அங்கே அழுதுகொண்டிருக்கிறது. என் மேலேயே எனக்கு அப்படி ஒரு எரிச்சல் வந்தது. விஷ்வாவை இடுப்பில் தூக்கி வைத்துக்கொண்டு எழுந்தேன்.

“அவ காப்பி அடிக்கல மேடம். இங்க இருக்கிற அத்தனை கோழியும் அவ வரைஞ்சதுதான். வீடு வெட்டுனது என் வீட்டுக்காரரு. வித்தது நானு. வாங்குனவுக எல்லாம் இங்கனதான் உக்காந்திருக்காக.”

சாலா ஆச்சி பக்கத்து ஆளிடம், “யாரு இந்தப் பொண்ணு?” என்று கேட்டார்.

தாளாளர் அழகுசுந்தரம் பதறவில்லை. கல்வியாளர்கள் பதற மாட்டார்கள். “விசாரிப்போம். பிள்ளை மேல வரட்டும்” என்றார்.

தீக்ஷா கண்ணைத் துடைத்துக்கொண்டு மேடையேறினாள். விசாரணை முறைப்படி நடக்க வேண்டும் என்பதால் அவள் கையில் மைக்கைக் கொடுத்தார்கள்.

“இந்த முதல் வீடு யாரு செஞ்சது?”

“அது சிதம்பரம் வீடு. அப்பா செவரு வெட்டுனாக. நான்தான் பெயிண்ட் அடிச்சேன். அந்தக் கோழிக்குப் பசிக்குது, அதான் கீழ பாக்குது.”

“ரெண்டாவது?”

“அந்தக் கோழிக்குக் கல்யாணம். அதான் நகை போட்டிருக்கு.”

“மூணாவது வீட்டுல ஒரு கட்டையே காணோமே?”

“தம்பி தின்னுட்டான்.”

எல்லோரும் என் இடுப்பைப் பார்த்தார்கள். விஷ்வா அப்போதும் எதையோ மென்றுகொண்டிருந்தான்.

பிள்ளைகள் சிரிக்க ஆரம்பித்தார்கள். அந்தச் சிதம்பரம் எழுந்து நின்று, “மிஸ், நெசந்தான் மிஸ், நாங்க தீக்ஷா வீட்லதான் வாங்குனோம்” என்று சாட்சி சொன்னான். தன் வாயால் பெயர் சொல்ல முடியாத பிள்ளையை எப்படி அதட்டி உட்கார வைப்பது என்று தெரியாமல் சாலா ஆச்சி, “தம்பி! தம்பி!” என்று தவித்தார்.

தாளாளரும் பிரின்சிபாலும் ஓரமாகப் போய்க் குசுகுசுத்தார்கள். திரும்பி வந்தபோது இருவர் முகத்திலும் நிம்மதி. தீக்ஷா மைக்கைக் கொடுக்காததால் தாளாளர் சத்தமாகவே பேசினார்.

“விசாரணை முடிஞ்சது. நம்ம விதி என்னன்னா, ஒரு மாணவருக்கு ஒரு ப்ராஜெக்ட். இந்த மாணவி முப்பது கொண்டுவந்திருக்கு. இது கடுமையான விதிமீறல். அதனால முப்பதும் தகுதி நீக்கம்.”

அம்மாக்கள் முகம் வெளிறியது. அவர் கையைக் காட்டி அமர்த்தினார்.

“பயப்படாதீங்க. மத்த இருபத்தொன்பது பிள்ளைகளும் எந்த ப்ராஜெக்ட்டும் செய்யல. எதுவுமே செய்யாததால எந்த விதியையும் மீறல. இந்தக் கட்டுப்பாடுதான் எங்க பள்ளிக்கூடத்தோட மூச்சு. அதனால இருபத்தொன்பது பேருக்கும் ஒழுக்கத்துக்கான மெடல்!”

அரங்கமே எழுந்து நின்று கை தட்டியது. அம்மாக்கள் செல்போனைத் தூக்கிக்கொண்டு மேடைக்கு ஓடினார்கள். சாலா ஆச்சி என்னைத் தாண்டும்போது மட்டும் ஒரு நொடி நின்று, “அடுத்த மாசம் விண்வெளி தினமாம்டி. நம்ம தம்பிக்கு ராக்கெட்டு. அதுல கோழி மட்டும் வேணாம்” என்று காதில் சொல்லிவிட்டுப் போனார். எனக்குச் சிரிப்பதா, திட்டுவதா என்று தெரியவில்லை. சரி ஆச்சி என்றுதான் வாயில் வந்தது. என்ன ஜென்மமோ நான்!

மெடல் வாங்க இருபத்தொன்பது பிள்ளைகளும் வரிசை கட்டி நின்றார்கள். ராஜப்ரியா மேடம் கை நீட்டி மைக்கைக் கேட்டார். தீக்ஷா பின்னால் நகர்ந்தாள். மேடம் இன்னும் ஒரு அடி எடுத்து வைத்தார். இவளும் ஒரு அடி நகர்ந்தாள். மானம் போகிறதே என்று நான் கீழே நின்று கையைக் காட்டினேன்.

“தீக்ஷா, போதும்டி. மைக்க மேடம்கிட்டக் குடுத்துட்டு இறங்கி வா, வீட்டுக்குப் போகலாம்.”

அவள் மைக்கை இரண்டு கையாலும் பிடித்து வாயருகே வைத்துக்கொண்டாள். அரங்கம் முழுக்கக் குரல் கணீரென்று கேட்டது.

“இரும்மா. இன்னும் நாலாவது கோழியே சொல்லல.”